துனிசியா: தண்டவாளத்தில் நின்றுபோன ஜனநாயகம்

உர ஆலைகளுக்கு மூலப்பொருள் வாங்கித் தரும் தொழிலில் இருப்பவர்களுக்கு வட ஆப்பிரிக்காவின் துனிசியா தூரத்து நாடு அல்ல. டிஏபி உர மூட்டைக்குள் இருக்கும் பாஸ்பேட்டுக்கு இந்தியா பெரும்பாலும் வெளிநாடுகளைத்தான் நம்பியிருக்கிறது. மொராக்கோ, ஜோர்டான், செனகல் என்ற வரிசையில் துனிசியாவும் உண்டு. அந்நாட்டின் ஸ்கிரா துறைமுகத்தை ஒட்டி இயங்கும் டிஃபெர்ட் பாஸ்பாரிக் அமில ஆலையில் கோரமண்டல் இன்டர்நேஷனலும் குஜராத்தின் ஜிஎஸ்எஃப்சியும் பங்குதாரர்கள். அதனால் துனிசிய அரசியல் செய்தியைப் படிப்பது எங்களுக்கு அன்றாட வேலையின் ஒரு பகுதி.

தொழிலுக்குப் புதிதாக வரும் பிள்ளைகள் என்னிடம் அடிக்கடி கேட்பார்கள்: “அரபு வசந்தத்தில் தேறிய ஒரே நாடு துனிசியாதானே சார்? தேர்தல் நடந்தது, அரசமைப்புச் சட்டம் வந்தது, நோபல் பரிசுகூடக் கிடைத்தது. அப்புறம் ஏன் ஜனநாயகம் நின்றுபோய் ஆட்சி ஒருவர் கைக்குப் போனது?” அதற்கான பதிலைத்தான் இங்கே எழுதுகிறேன்.

அரபு நாடுகளில் சர்வாதிகாரிகளுக்கு எதிராக மக்கள் கிளர்ந்தெழுந்த அரபு வசந்தத்தின் கதையைப் பலரும் 2010 டிசம்பர் 17 அன்று சிதி பூசித் ஊரில் தெருவோர வியாபாரி முகமது புவாசிசி தீக்குளித்ததிலிருந்து தொடங்குவார்கள். நான் காஃப்சா சுரங்கப் பகுதியிலிருந்து தொடங்குவேன். 2008 ஜனவரியில் அரசின் காஃப்சா பாஸ்பேட் நிறுவனம் வேலைக்குத் தேர்வானவர்களின் பட்டியலை வெளியிட்டது. செல்வாக்குள்ளவர்களின் ஆட்களுக்கே இடம் போனது என்று ரெதெயெஃப் ஊர் கொதித்தது. வேலையில்லாத பட்டதாரிகள், சுரங்கத்தில் இறந்தவர்களின் மனைவிகள், ஆசிரியர்கள் என்று எல்லோரும் ஆறு மாதம் தெருவில் நின்றார்கள். ஜூனில் போலீஸ் சுட்டதில் உயிர் போனது, தலைவர்கள் சிறைக்குப் போனார்கள். தங்கள் மண்ணைத் தோண்டி எடுக்கும் வருமானமெல்லாம் கடற்கரை நகரங்களுக்குப் போகிறது, தங்களுக்கு மிஞ்சுவது தூசியும் பல்லில் கறையும்தான் என்பது அவர்கள் குறை. அது நியாயமான குறை. 2011 ஜனவரி 14 அன்று, 23 ஆண்டுகள் ஆண்ட அதிபர் பென் அலி சவூதிக்கு ஓடியபோது, அந்தக் குறையைத் தீர்க்கும் பொறுப்பு புதிய ஜனநாயகத்தின் கைக்கு வந்தது.

அது எப்படித் தீர்க்கப் பார்த்தது என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

பயம் போனதும் இளைஞர்கள் தண்டவாளத்தில் உட்கார்ந்தார்கள். காஃப்சா பகுதியின் மெத்லாவி சுரங்கங்களிலிருந்து கடற்கரை நகரங்களான ஸ்ஃபாக்ஸுக்கும் காபெஸுக்கும் பாஸ்பேட் போவது ரயிலில். பாதையில் ஒரு கூடாரம் போட்டால் போதும், சுரங்கமும் ஆலையும் துறைமுகமும் ஒன்றாக நின்றுவிடும். 2010இல் சுமார் 80 லட்சம் டன்னாக இருந்த உற்பத்தி, அடுத்த ஆண்டே மூன்றில் ஒரு பங்குக்கு வந்தது. பிறகும் பல ஆண்டுகள் பழைய அளவில் பாதியைத் தொடவே திணறியது. அந்தக் காலத்தில் ஒப்பந்தம் பேசும்போது விலைக்கு முன்னால் நாங்கள் கேட்டது, “பாதை திறந்திருக்கிறதா?” என்பதைத்தான். துனிசியாவை நம்பி வாங்க முடியாது என்று கண்ட வாடிக்கையாளர்கள் மொராக்கோ பக்கம் சாய்ந்தார்கள். அப்படிப் போனவர்களைத் திரும்ப அழைப்பது எளிதல்ல.

அரசு என்ன செய்தது? ஆள் எடுத்தது. சுரங்க நிறுவனத்தில் எடுத்தது, பாஸ்பேட்டை அமிலமாகவும் உரமாகவும் மாற்றும் அரசு ரசாயன நிறுவனத்தில் எடுத்தது. அதிலும் இடம் போதாமல், மரம் நடுவதற்கும் சுற்றுப்புறத்தைச் சுத்தமாக வைப்பதற்கும் என்று துணை நிறுவனங்களைத் தொடங்கி, ஆயிரக்கணக்கானவர்களைச் சம்பளப் பட்டியலில் சேர்த்தது. அவர்களில் பலருக்குச் செய்ய வேலையே இல்லை. மாதம் பிறந்தால் சம்பளம் வரும், அவ்வளவுதான். உற்பத்தி பாதியாகக் குறைந்த நிறுவனத்தில் ஆட்கள் பல மடங்கு கூடினால் கணக்கு எப்படி நேராகும்? பட்டியலில் இடம் கிடைக்காதவர்கள் மறுபடி தண்டவாளத்துக்கே போனார்கள், ஏனென்றால் அங்கே உட்கார்ந்தவர்களுக்குத்தான் வேலை கிடைத்தது என்பதை அவர்கள் கண்ணால் பார்த்திருந்தார்கள். இளைஞர்களை நான் குற்றம் சொல்ல மாட்டேன். அமைதியை விலைக்கு வாங்கலாம் என்று நினைத்த அரசுகள்தான் பொறுப்பு.

காஃப்சாவில் நடந்ததுதான் நாடு முழுக்க நடந்தது. அரசு ஊழியர் சம்பளச் செலவு நாட்டின் மொத்த உற்பத்தியில் சுமார் 15 சதவீதத்துக்கு ஏறியது. 2010இல் 40 சதவீதம் அளவில் இருந்த அரசுக் கடன், பத்து ஆண்டுகளில் ஏறக்குறைய இரட்டிப்பானது. 2011 தொடக்கத்திலிருந்து 2021 ஜூலை வரை ஒன்பது பிரதமர்கள் வந்து போனார்கள். யாருக்கும் ஒரு திட்டத்தை முடிக்கும் அளவுக்கு நாள் கிடைக்கவில்லை. இடையில் 2015இல் பார்தோ அருங்காட்சியகத்திலும் சூஸ் கடற்கரையிலும் நடந்த தாக்குதல்கள் சுற்றுலாவை முறித்தன.

சர்வதேச நாணய நிதியம் 2013இலும் 2016இலும் கடன் தந்தது. மானியத்தைக் குறை, சம்பளச் செலவைக் கட்டுப்படுத்து என்பது நிபந்தனை. துனிசியாவில் மானியத்தில் விற்கும் ரொட்டியின் விலையில் கை வைப்பது சாதாரண விஷயமல்ல. 1984 ஜனவரியில் ரொட்டி விலையை ஒரேயடியாக ஏற்றியதில் நாடே பற்றியெரிந்து, அதிபர் புர்கிபா தொலைக்காட்சியில் வந்து உயர்வைத் திரும்பப் பெற்றார். அந்த நினைவு எல்லா அரசியல்வாதிகளுக்கும் இருக்கிறது. இன்னொரு பக்கம் யுஜிடிடி என்ற தொழிற்சங்கக் கூட்டமைப்பு, விடுதலைப் போராட்டக் காலத்திலிருந்தே வலுவானது. சம்பளத்தைத் தொட விடாது.

இத்தனைக்கும் நடுவே துனிசியர்கள் சாதித்ததைக் குறைத்துச் சொல்ல எனக்கு மனமில்லை. 2013இல் சுக்ரி பெலாயித், முகமது பிராமி என்ற இரண்டு எதிர்க்கட்சித் தலைவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டபோது நாடு உள்நாட்டுப் போரின் விளிம்புக்கே போனது. இதே யுஜிடிடியும் முதலாளிகள் சங்கமும் வழக்கறிஞர் சங்கமும் மனித உரிமைக் கழகமும் சேர்ந்து கட்சிகளை ஒரே மேசையில் உட்கார வைத்தன. தேர்தலில் முதலிடம் பெற்ற இஸ்லாமியவாத எந்நஹ்தா கட்சி ஆட்சியை விட்டு இறங்கியது. 2014 ஜனவரியில் அரசமைப்புச் சட்டம் பிறந்தது. அந்த நான்கு அமைப்புகளுக்கும்தான் 2015இல் நோபல் அமைதிப் பரிசு.

ஆனால் அந்தச் சட்டம் கேட்ட அரசமைப்பு நீதிமன்றத்தைக் கட்சிகள் கடைசிவரை அமைக்கவே இல்லை. நீதிபதி யாருடைய ஆள் என்ற பேரத்திலேயே ஆண்டுகள் போயின. 2021 ஜூலை 25 அன்று அதிபர் காய்ஸ் சயீத், பிரதமரை நீக்கி நாடாளுமன்றத்தை முடக்கினார். அது சட்டப்படி சரியா தவறா என்று சொல்ல நாட்டில் ஒரு அமைப்பும் இல்லை. கொரோனாவில் மனிதர்கள் செத்துக்கொண்டிருந்த மாதம் அது. பலர் தெருவில் இறங்கிக் கொண்டாடினார்கள். வேலை தராத நாடாளுமன்றத்துக்காக யார் அழுவார்கள்?

அதன்பின் 2022இல் புதிய அரசமைப்பு, ஆண்டு முடிவில் நடந்த நாடாளுமன்றத் தேர்தலில் சுமார் 11 சதவீத வாக்குப்பதிவு, எதிர்ப்பாளர்களுக்குச் சிறை. நாணய நிதியத்தோடு பேசி வைத்திருந்த 190 கோடி டாலர் கடனை, வெளியார் கட்டளையை ஏற்க மாட்டோம் என்று சயீத் 2023 ஏப்ரலில் ஒதுக்கினார். 2024இல் மத்திய வங்கியிடமிருந்தே அரசு 700 கோடி தினார் வட்டியில்லாமல் எடுத்துக்கொள்ளச் சட்டம் திருத்தப்பட்டது. அடுத்த ஆண்டும் அதே அளவு. வெளிநாட்டுக் கடனைத் தவணை தவறாமல் கட்டுகிறார்கள் என்று சிலர் பாராட்டுகிறார்கள். எதைக் குறைத்துக் கட்டினார்கள் என்று பாருங்கள்: 2022, 2023இல் சர்க்கரை, காபி, பால், ரொட்டி எல்லாவற்றுக்கும் வரிசை. பணம் வந்தால்தான் இறக்குவோம் என்று தானியக் கப்பல்கள் துறைமுகத்துக்கு வெளியே காத்திருந்தன. கொள்முதல் தொழிலில் இருப்பவர்களுக்கு அதன் பொருள் புரியும். ஒரு அரசின் வார்த்தையை நம்பிச் சரக்கை இறக்க ஆளில்லை.

இப்போது அரசு மறுபடியும் பாஸ்பேட்டைத்தான் நம்புகிறது. உற்பத்தியைப் பல மடங்கு உயர்த்தப் போவதாகச் சொல்கிறது. இதில் அடிபடுவது காபெஸ். அங்குள்ள ரசாயன ஆலைகள் 1970களிலிருந்து, பாஸ்பேட்டை அமிலமாக்கும்போது மிஞ்சும் பாஸ்போஜிப்சம் கழிவைக் கடலில் கொட்டுகின்றன. 2017இல் அங்குள்ள மாசு தரும் பிரிவுகளை அகற்றுவோம் என்று அரசு வாக்குக் கொடுத்தது. அகற்றவில்லை. 2025 மார்ச்சில் அந்தக் கழிவை ஆபத்தான பொருட்களின் பட்டியலிலிருந்து நீக்கியது. அதே ஆண்டு அக்டோபரில் பள்ளிப் பிள்ளைகள் புகையில் மூச்சுத் திணறி மருத்துவமனைக்குப் போக, ஊரே கடையடைத்துத் தெருவுக்கு வந்தது. 2008இல் ரெதெயெஃப் கேட்டது வேலை. 2025இல் காபெஸ் கேட்பது மூச்சு. இரண்டையும் ஒரே பாஸ்பேட்டிலிருந்து தர வேண்டிய நிலையில் நிற்கிறது துனிசியா.

துனிசியாவின் பாஸ்பாரிக் அமிலத்தின் பெரிய வாடிக்கையாளர்களில் இந்தியாவும் ஒன்று. விலை, செறிவு, கப்பல் தேதி எல்லாம் கேட்கிறோம். கழிவு எங்கே போகிறது என்ற கேள்வியையும் கொள்முதல் நிபந்தனையில் சேர்க்கச் சொல்லி, பேசக் கிடைக்கும் கூட்டங்களில் எல்லாம் கேட்டுவருகிறேன். வாங்குபவர் கேட்டால் விற்பவர் பதில் சொல்லித்தான் ஆக வேண்டும். காபெஸ் மக்கள் கேட்டபோது யாரும் பதில் சொல்லவில்லை.