குழாய்த் தண்ணீரில் ஓடும் ஓடை: சென்ட்ரல் பார்க் எப்படி இயங்குகிறது?

நியூயார்க்கின் மன்ஹாட்டன் தீவு நடுவே இருக்கிறது சென்ட்ரல் பார்க். அதன் தென்மேற்குப் பகுதியில், பேஸ்பால் மைதானங்களை ஒட்டி, அம்பயர் ராக் என்ற பெரிய சாம்பல் நிறப் பாறை கிடக்கிறது. வடக்குப் பக்கமாக ஏறினால் சரிவு வழுவழுப்பாக, சுலபமாக இருக்கும். தெற்குப் பக்கம் சட்டென்று உடைந்து செங்குத்தாக இறங்கும். மேலே கையை ஓட்டிப் பார்த்தால் நீளநீளமான பள்ளங்கள் தட்டுப்படும். எல்லாமே வடமேற்கிலிருந்து தென்கிழக்காக, ஒரே திசையில். வெயில் பட்டால் பாறையெங்கும் மைக்கா என்ற கனிமத் துகள்கள் மினுங்கும்.

அந்தக் கோடுகளைப் போட்டது பனி. சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன்பு, பல நூறு மீட்டர் கனமுள்ள பனிப்பாளம் வடக்கிலிருந்து மெல்ல நகர்ந்து வந்து இந்த இடத்தை மூடியிருந்தது. அடியில் சிக்கிய கற்கள் உளிபோலப் பாறையைக் கீறிக்கொண்டே போயின. பனி மோதி ஏறிய பக்கம் தேய்ந்து வழுவழுப்பானது. இறங்கிய பக்கத்தில், விரிசல்களுக்குள் புகுந்த நீர் மறுபடி உறைந்து, பாறைத் துண்டுகளைப் பிடுங்கிக்கொண்டு போனது. பாறையோ அதைவிட எவ்வளவோ பழையது. சுமார் 45 கோடி ஆண்டு வயதுள்ள சிஸ்ட் என்ற உருமாறிய பாறை.

இந்தப் பூங்காவில் மனிதக் கை செய்யாதது என்று துணிந்து சொல்லக்கூடியது ஏறக்குறைய இந்தப் பாறைகளை மட்டும்தான். நகரம் வளர்ந்தபோது நடுவில் ஒரு காட்டை விட்டுவைத்தார்கள் என்று நினைக்கத் தோன்றும். நடந்தது வேறு.

1853-ல் மாநில சட்டமன்றம் பூங்காவுக்கு இடம் ஒதுக்கியபோது அங்கே பாதி சதுப்பு, பாதி பாறை. வீடு கட்டத் தோதில்லாத நிலம். ஆனால் காலி நிலம் இல்லை. மேற்குப் பக்கத்தில், இன்றைய 82-வது தெருவுக்கும் 89-வது தெருவுக்கும் இடைப்பட்ட பகுதியில், செனகா வில்லேஜ் என்ற ஊர் 1825-லிருந்து இருந்தது. பெரும்பாலும் கறுப்பின மக்கள். 1855 கணக்கெடுப்பில் சுமார் 225 பேர். பலருக்குச் சொந்த வீடு. அன்றைய நியூயார்க்கில் கறுப்பின ஆண் ஓட்டுப்போட 250 டாலர் மதிப்புள்ள சொத்து வேண்டும் என்பதால், அந்த வீடு வெறும் வீடு அல்ல. பத்திரிகைகள் அவர்களை ஏதோ குடிசை போட்டு ஒட்டிக்கொண்டவர்கள் என்று எழுதின. 1857-க்குள் இழப்பீடு கொடுத்து எல்லோரையும் வெளியேற்றினார்கள். பூங்கா நிலம் முழுவதிலும் கணக்குப் பார்த்தால் சுமார் 1,600 பேர். பூங்காவின் பெருமை பேசும்போது இதை விட்டுவிட்டுப் பேச முடியாது.

வடிவமைப்புக்குப் போட்டி வைத்தார்கள். 33 திட்டங்கள் வந்தன. 1858-ல் ஜெயித்தது ஃப்ரெடரிக் லா ஓம்ஸ்டெட், கால்வெர்ட் வாக்ஸ் இருவரும் சேர்ந்து தந்த திட்டம். போட்டியின் விதிகளில் ஒன்று, நகரப் போக்குவரத்துக்காக நான்கு சாலைகள் பூங்காவைக் குறுக்கே கடக்க வேண்டும் என்பது. மூன்று, நான்கு இடங்களில் வண்டிச் சத்தம் கிழித்துப்போட்டால் அப்புறம் என்ன பூங்கா? இவர்கள் அந்தச் சாலைகளைத் தரைமட்டத்துக்குக் கீழே இறக்கிவிட்டார்கள். இருபுறமும் கல்சுவர், மேலே மண், செடி, பாலம். 79-வது தெருச் சாலைக்காக விஸ்டா ராக் என்ற பாறைக்குள் வெடிவைத்துச் சுரங்கமே குடைந்தார்கள். இன்றும் பஸ்ஸும் டாக்ஸியும் அந்தப் பள்ளத்தில் ஓடுகின்றன. மேலே நடப்பவருக்குப் பெரும்பாலும் தெரிவதில்லை. மோட்டார் கார் பிறப்பதற்கு முன்பே போட்ட திட்டம் இது என்பதுதான் எனக்குத் தீராத வியப்பு.

பூங்கா நீளம் 4 கிலோமீட்டர், அகலம் 800 மீட்டர்தான். அந்த ஒல்லி வடிவம் கண்ணுக்குத் தெரியாமலிருக்க, ஓரங்களில் மண்ணை மேடாக்கி மரங்களை அடர்த்தியாக நட்டார்கள். பாதைகளை வளைத்து வளைத்துப் போட்டார்கள். எந்த இடத்தில் நின்றாலும் முடிவு தெரியாது. பாறைமேல் மண் போதாமல் நியூஜெர்சியிலிருந்து வளமான மேல்மண் வந்தது.

ஆனால் பெரிய வேலை தரைக்கு அடியில்தான். சதுப்பில் மரம் ஏன் வளராது? வேருக்கும் மூச்சு வேண்டும். மண் துகள்களின் இடைவெளியில் காற்று இருக்க வேண்டிய இடத்தில் நீர் நின்றால், ஆக்ஸிஜன் தீர்ந்து வேர் அழுகும். வடிகால் பொறுப்பு ஜார்ஜ் வாரிங் என்ற பொறியாளரிடம் போனது. சுட்ட மண் குழாய்களை வரிசை வரிசையாகப் புதைத்தார். துண்டுக்குத் துண்டு இணைப்பைப் பூசி அடைக்கவில்லை. அந்த இடுக்கு வழியாகத்தான் மண்ணிலுள்ள நீர் கசிந்து உள்ளே போகும். பிறகு சரிவில் ஓடித் தாழ்வான இடத்தில் சேரும். அப்படிச் சேர்ந்த ஒரு சதுப்புதான் இன்று படகு விடும் ஏரி. 1858 டிசம்பரிலேயே அதன் ஒரு பகுதி உறைந்ததும் சறுக்கி விளையாடத் திறந்துவிட்டார்கள்.

மழைநீரும் வடிகால் நீரும் ஆண்டு முழுக்கப் போதாது. அதனால் ஏரிகளுக்கும் ஓடைக்கும் நகரக் குடிநீரையே விடுகிறார்கள். வடமேற்கில் உள்ள 'பூல்' என்ற குளத்தின் கரையில், பாறைகளுக்கு நடுவே குழாய் மறைந்திருக்கிறது. அங்கே புறப்படும் நீர், ரவைன் என்ற பள்ளத்தாக்கில் சின்னச் சின்ன அருவிகளாக விழுந்து, ஹார்லம் மீர் ஏரிக்குப் போகிறது. சுற்றிலும் காடு. இயற்கை அருவி என்றே நம்பத் தோன்றும், அத்தனை அசலாக இருக்கிறது.

இதில் ஒரு சிக்கல். நியூயார்க்கின் பழைய கட்டடங்களில் ஈயக் குழாய்கள் உண்டு. ஈயம் நீரில் கரையாமலிருக்க, குடிநீரில் கொஞ்சம் பாஸ்பேட் சேர்க்கிறார்கள். அது குழாயின் உட்புறத்தில் மெல்லிய படலமாகப் படிந்து காக்கும். குடிப்பவருக்குத் தீங்கில்லை. ஏரிக்கு வந்தால் கதை வேறு. நன்னீரில் பாசி வளர வெயில் கிடைக்கும், நைட்ரஜனும் ஓரளவு கிடைக்கும். பொதுவாகத் தட்டுப்பாடு பாஸ்பரஸுக்குத்தான். பாஸ்பேட்டில் இருப்பது அதுதான். அந்தத் தட்டுப்பாட்டைக் குழாய்த் தண்ணீரே தீர்த்து வைக்கிறது. ஆழமில்லாத, அசையாத, வெயிலில் சூடேறிய நீரில் நீலப்பச்சைப் பாசி பெருகி, மேலே பச்சைப் பெயிண்ட் கொட்டியதாகத் தெரியும். சில வகைகள் நச்சு சுரக்கும். அதனால் கோடையில் நாயைத் தண்ணீரில் இறக்காதீர்கள் என்று எச்சரிக்கைப் பலகை வைக்கிறார்கள். வாத்து எச்சமும் அழுகிய இலையும் இதற்கு உரம். பாஸ்பேட் சேர்க்காத நீர் என்றால் இவ்வளவு வந்திருக்காது.

1966-ல் ரவைன் முடியும் இடத்தில், ஓடையின் மேலேயே லாஸ்கர் என்ற நீச்சல் குளத்தைக் கட்டி, ஓடையைக் குழாய்க்குள் அடைத்தார்கள். கனமழையில் வெள்ளம் தேங்கியது. நீர் சுற்றும் வழியும் அறுந்தது. அதை இடித்துவிட்டு, டேவிஸ் சென்டர் என்ற புதிய வளாகத்தை 2025-ல் திறந்தார்கள். கட்டடம் இப்போது சரிவுக்குள் பதுங்கியிருக்கிறது; குளம் கோடையில் நீச்சலுக்கு, குளிர்காலத்தில் சறுக்கலுக்கு. ஓடையை வெளியே எடுத்து, கல் அடுக்கி, ஹார்லம் மீர் வரை மறுபடி திறந்த வெளியில் ஓடவிட்டிருக்கிறார்கள்.