பாஸ்போர்ட்டுக்கு ஏது ‘பறிமுதல்’?

‘பாஸ்போர்ட் பறிமுதல்’ என்று மறுபடியும் ஒரு செய்தி. உள்ளே படித்தால், ஜாமீன் நிபந்தனைப்படி அந்த ஆளே சேலம் அஸ்தம்பட்டி கோர்ட்டில் கொண்டுபோய்க் கொடுத்திருக்கிறார். அதற்குப் பெயர் ஒப்படைப்பு. பாஸ்போர்ட் சட்டம் சொல்லும் ‘இம்பவுண்ட்’ (impound) வேறு. பறிமுதல் இரண்டிலும் சேராது.

இம்பவுண்ட் என்ற ஆங்கிலச் சொல்லின் பிறப்பு எளிது. பவுண்டு என்றால் கால்நடையை அடைக்கும் பட்டி. எடைக்கும் நாணயத்துக்கும் வழங்கும் பவுண்டு வேறு சொல். 1871ஆம் ஆண்டின் கால்நடை அத்துமீறல் சட்டம் பேசுவது இந்தப் பட்டியைத்தான். தமிழில் கொண்டித்தொழு. வெள்ளாமையில் இறங்கிய மாட்டைப் பிடித்து அடைப்பார்கள், தண்டமும் தீனிச்செலவும் கட்டினால் ஓட்டிக்கொண்டு வந்துவிடலாம். பிடிப்பது, வைத்திருப்பது, வழி உண்டானால் விடுவது: இம்பவுண்ட் அவ்வளவுதான்.

பறிமுதல் என்றால் பொருள் அரசாங்கத்துக்குப் போய்விட்டது, கடத்தல் தங்கம் போல. ஆனால் 1967ஆம் ஆண்டு பாஸ்போர்ட் சட்டத்தின் 17ஆம் பிரிவுப்படி, பாஸ்போர்ட் எந்நாளும் மத்திய அரசின் சொத்து. தன் பொருளைத் தானே பறிமுதல் செய்வது எப்படி?

சரி, ‘முடக்கம்’ என்று போடலாமே என்கிறார்கள் மொழிபெயர்ப்பு செய்யும் நண்பர்கள். இதுதான் எனக்கு அதிக எரிச்சல். வங்கிக் கணக்கும் முடக்கம், கட்சிச் சின்னமும் முடக்கம், பாஸ்போர்ட்டும் முடக்கமா? முடக்கினால் பொருள் இருந்த இடத்திலேயே கிடக்கும், பயன்படாது. இம்பவுண்டில் புத்தகமே அதிகாரியின் கைக்குப் போகிறது. அதோடு, அதே சட்டத்தில் 10ஏ என்று தற்காலிக நிறுத்தத்துக்குத் தனிப் பிரிவு இருக்கிறது. முடக்கம் பொருந்துமானால் அதற்குத்தான் பொருந்தும். இதற்கும் அதையே போட்டுவிட்டால் அங்கே எதைப் போடுவீர்கள்?

இது வெறும் அகராதிச் சண்டை இல்லை. சுரேஷ் நந்தா வழக்கில் 2008இல் உச்ச நீதிமன்றம் இந்த வேறுபாட்டின் மேல்தான் தீர்ப்பையே நிறுத்தியது. போலீஸ் பாஸ்போர்ட்டைக் கைப்பற்றலாம். அது அந்த நேரத்துச் செயல். கைப்பற்றியதைத் தொடர்ந்து வைத்துக்கொண்டால் அது இம்பவுண்ட், அந்த அதிகாரம் 10(3)ஆம் பிரிவின் கீழ் பாஸ்போர்ட் அதிகாரிக்கு மட்டுமே. அப்போது நடப்பில் இருந்த குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 104ஆம் பிரிவைக் காட்டி நீதிமன்றமும் அதைச் செய்ய முடியாது என்றது தீர்ப்பு. இரண்டுக்கும் ‘பறிமுதல்’ என்றே எழுதினால் தமிழில் இந்தத் தீர்ப்பு என்ன சொல்கிறது என்றே விளங்காது.

இம்பவுண்ட் செய்யும் அதிகாரி காரணத்தையும் எழுத்தில் பதிய வேண்டும். மேனகா காந்தியின் பாஸ்போர்ட்டை 1977இல் ‘பொதுநலன்’ என்று மட்டும் சொல்லிப் பிடித்துவைத்து, காரணம் தர மறுத்ததால்தான் உச்ச நீதிமன்றத்தின் 1978ஆம் ஆண்டுப் பெயர்பெற்ற தீர்ப்பே வந்தது.

தெரிந்த ஒரு பையன், ஏற்காட்டு எஸ்டேட் வேலையை விட்டுத் துபாய் போக இருந்தவன், ‘அதான் பறிமுதல் ஆயிடுச்சேண்ணா, இனி அது என்னுது இல்லைல்ல’ என்று புது விண்ணப்பத்தில் பழைய பாஸ்போர்ட் பற்றிய கேள்விக்கு ‘இல்லை’ போடப் பார்த்தான். நல்லவேளை, சேவை மையத்துக்குப் போகுமுன் என்னிடம் காட்டினான். தெரிந்தே பொய்த் தகவல் தந்தால் 12ஆம் பிரிவில் இரண்டு வருஷம் வரை சிறை. போதாக்குறைக்கு அவன் மேல் வழக்கு நிலுவையில் இருந்தது. கோர்ட் அனுமதி இல்லாமல் புது பாஸ்போர்ட் கிடைக்காது என்பதும் அவனுக்குத் தெரியவில்லை.

தனித்தமிழ் அன்பர் ஒருவர் ‘கொண்டியாக்கல்’ என்றார். அழகுதான், ஆனால் கொண்டி மாடு, அதாவது பிறர் பயிரில் இறங்கி மேயும் மாடு, தெரிந்த தலைமுறையே குறைந்துபோச்சு. கொள்ளை என்றும் ‘கொண்டி’க்கு ஒரு பொருள் உண்டு, அதிகாரிகளுக்குக் கோபம் வரும். கடவுச்சீட்டு என்ற சொல்லோடு எனக்குச் சண்டை இல்லை, அது நின்றுவிட்டது. இம்பவுண்டுக்கு மட்டும் ஏன் இத்தனை தடுமாற்றம்? கோர்ட் வாசலில் யாரைக் கேட்டாலும் ‘பாஸ்போர்ட்டைப் பிடிச்சு வெச்சுக்கிட்டாங்க’ என்பார்கள். பிடித்துவைத்தல். பெயர்ச்சொல் வேண்டுமானால் பிடித்துவைப்பு. கைப்பற்றலுக்குக் கைப்பற்றல், ரத்துக்கு ரத்து, ஒப்படைத்தால் ஒப்படைப்பு.