வாந்தி வந்தால் ‘கழிவு போகிறது’ என்று உட்கார்ந்திருக்காதீர்கள்

போன வாரம் மறுபடியும் ஒருவர். நாகர்கோவில் பக்கத்தில் சித்த மருத்துவம் பார்க்கிற எனக்கு இந்தக் கதை மனப்பாடமாகிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை மலையேறப் போவார்கள். வழியில் யாரோ ஒரு கிழங்கைக் காட்டி, மூட்டுவலிக்குக் கைகண்ட மருந்து என்பார்கள். வீட்டுக்குக் கொண்டுவந்து வேகவைத்துத் தின்பார்கள். ராத்திரி வாந்தி, வயிற்றுப்போக்கு. இந்த முறை வந்தவர் மூன்றாம் நாள் காலையில்தான் வந்தார், அதுவும் வாந்திக்காக இல்லை. மிச்சக் கிழங்கைத் தினத்தாளில் சுற்றிக்கொண்டு வந்து, “இதை இன்னும் எத்தனை நாள் சாப்பிடணும் டாக்டரே?” என்று கேட்டார். வாந்தியெடுத்தீர்களே, ஏன் ஆஸ்பத்திரிக்குப் போகவில்லை என்றால், “கெட்டதெல்லாம் போட்டும்னு விட்டுட்டேன்” என்கிறார்.

பொட்டலத்தைப் பிரித்தால் செங்காந்தள் கிழங்கு. மடக்கின முழங்கை மாதிரி இரண்டு கிளை, நுனி இரண்டும் கூம்பல், மெல்லிய பழுப்புத் தோல், கீறினால் உள்ளே வெள்ளை. கலப்பை போல இருப்பதால்தான் நாங்கள் அதைக் கலப்பைக்கிழங்கு என்கிறோம். கண்வலிக்கிழங்கு என்றாலும், கார்த்திகைக்கிழங்கு என்றாலும், மேற்கே மலையாளத்தில் மேந்தோன்னி என்றாலும் எல்லாம் இதுதான். நம் மாநில மலர் இதன் பூ. இதிலுள்ள கொல்சிசின் என்ற நச்சுப்பொருளுக்காக ஒட்டன்சத்திரம், மூலனூர் பக்கம் விதைக்கென்றே பயிரிட்டு ஏற்றுமதி செய்கிறார்கள். யூரிக் அமிலம் கூடி வரும் மூட்டுவலிக்கு ஆங்கில மருத்துவத்தில் தரும் கொல்சிசின் மாத்திரை ஒன்றில் இருப்பது அரை மில்லிகிராம். அதையே சிறுநீரகம் எப்படி இருக்கிறது என்று பார்த்து, எண்ணித்தான் கொடுப்பார்கள். அப்படியிருக்க, ஒரு முழுக்கிழங்கை ஆவியில் வேகவைத்து, உப்பும் மிளகும் தொட்டுத் தின்றால் என்ன ஆகும்?

“வேகவைத்துத்தானே தின்றோம்” என்று ஒவ்வொரு குடும்பமும் சொல்கிறது. நம்மூர்ப் பழக்கம் அப்படி. மரச்சீனியில், அதாவது மரவள்ளிக்கிழங்கில், கட்டு என்கிற நஞ்சு இருக்கும், நிறையத் தண்ணீரில் வேகவைத்து அந்தத் தண்ணீரை வடித்துக் கொட்டினால் போய்விடும் என்று நம் வீட்டுப் பெண்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். அது மரச்சீனியில் இருக்கிற சயனைடுக்குச் சரி. கொல்சிசின் கொதிக்கிற சூட்டுக்கு அழிகிற சரக்கு இல்லை. ஒரு கிழங்குக்குத் தெரிந்த வைத்தியத்தை எல்லாக் கிழங்குக்கும் செய்யாதீர்கள்.

இனி, என்னை உண்மையிலேயே கோபப்படுத்துகிற விஷயத்துக்கு வருகிறேன். வாந்தியும் பேதியும் வந்தால் உடம்பு சுத்தமாகிறது என்ற நம்பிக்கை. இதைப் பரப்பியதில் எங்கள் துறையின் பெயரைச் சொல்லிக்கொண்டு வீடியோ போடுகிறவர்களுக்குப் பெரிய பங்கு உண்டு. சித்த மருத்துவத்தில் பேதிக்குக் கொடுப்பது உண்மை. ஆனால் எப்படிக் கொடுக்கிறோம்? நாடி பார்த்து, வயதும் உடல்வன்மையும் பார்த்து, அளந்து கொடுக்கிறோம். எத்தனை முறை போகும் என்று ஒரு கணக்கு இருக்கும். கூடினால் நிறுத்துவதற்கு முறிவும் கையில் இருக்கும். அன்றைக்கே முடிந்துவிடும், சாயங்காலம் கஞ்சி குடித்துவிட்டுத் தூங்குவார். விஷத்தால் வருகிற வாந்தி அப்படி இல்லை. தின்று சில மணி நேரம் ஒன்றும் தெரியாது, அதற்குள் விஷம் ரத்தத்தில் ஏறியிருக்கும். கொல்சிசின் உடம்பில் செல்கள் பெருகுவதைத் தடுக்கிறது. ஓயாமல் பெருகுகிற இடங்கள் குடலின் உள்தோல், எலும்பு மஜ்ஜை, முடியின் வேர். முதலில் அடிபடுவது குடல். ஆக, வெளியே போவது கழிவு இல்லை. உங்கள் உடம்பின் தண்ணீர், உப்பு, சில நேரம் ரத்தம். விஷம் உள்ளேயே இருக்கிறது. எத்தனை முறை வாந்தியெடுத்தாலும் ரத்தத்தில் கலந்தது வாய்வழியே திரும்பி வராது.

இதைவிட மோசம், நடுவில் வருகிற அமைதி. இரண்டு நாள் கழித்து வாந்தி குறையும், ஆள் எழுந்து உட்காருவார், ‘பாத்தியா, சுத்தமாயிட்டு’ என்பார்கள். வெள்ளையணுக்கள் விழுவதும், சிறுநீரகம் சுணங்குவதும், இதயம் தளர்வதும் அந்த நேரத்தில்தான். வெள்ளையணு விழுந்த உடம்பில் சாதாரணக் கிருமியே ஆளைச் சாய்த்துவிடும். பிழைத்து வருகிறவர்களுக்கு இரண்டாம் வாரத்தில் தலைமுடி கொட்டும். தலை துவட்டின துண்டைக் கொண்டுவந்து விரித்துக் காட்டி அழுத அக்கா ஒருவரை எனக்குத் தெரியும். முடி திரும்ப முளைக்கும், பயப்படாதீர்கள் என்று தேற்றினேன். எல்லார் வீட்டிலும் அப்படித் தேற்ற வாய்ப்பதில்லை. இதற்கு ஆஸ்பத்திரிகளில் எடுத்துக் குத்துகிற மாதிரி முறிவு மருந்தும் கிடையாது.

மூலிகைக்குப் பேர்போன எங்கள் பக்கத்து மருந்துவாழ்மலையைப் பற்றி ஒரு வார்த்தை. சஞ்சீவி மலையிலிருந்து விழுந்த துண்டு அது என்பதை நான் மறுத்துப் பேசப் போவதில்லை, பக்தியோடு நானும் ஏறுகிற மலைதான். ஆனால் மலை மருந்தையும் வளர்க்கும், நஞ்சையும் வளர்க்கும். எட்டி, குன்றிமணி, சேராங்கொட்டை, நேர்வாளம், கலப்பைக்கிழங்கு, இவையெல்லாம் சித்த மருந்துச் சரக்குகள்தான். அரசின் மருந்துச் சட்ட விதிகளில் நச்சுச் சரக்குகள் பட்டியலிலும் இவை இருக்கின்றன. எங்களுக்குச் சுத்தி செய்யாமல், அதாவது நஞ்சைப் போக்கும் பக்குவம் செய்யாமல், தொடக்கூடாது என்பது முதல் பாடம். அந்தச் சுத்தி முறையை இங்கே எழுதமாட்டேன், கேட்டு எழுதவும் வேண்டாம். அது வீட்டில் செய்கிற வேலை இல்லை. மாவட்டத்தின் பழைய வர்ம ஆசான்கள் சரக்கைப் பெயர் சொல்லி நம்பமாட்டார்கள், இலை, தண்டு, வேர் எல்லாம் கண்ணால் கண்டபிறகே எடுப்பார்கள்.

பெயரை நம்பி ஏமாறுவதற்குக் கருடக்கொடி இன்னொன்று. வாசலில் கட்டித் தொங்கவிடுகிற ஆகாச கருடன் கிழங்கு வேறு, கருடக்கொடி வேறு. பின்னது ஈஸ்வரமூலி. அதில் அரிஸ்டோலோகிக் அமிலம் இருக்கிறது. சிறுநீரகத்தைக் கெடுக்கும், சிறுநீர்ப் பாதையில் புற்றுநோயும் உண்டாக்கும் என்று உறுதியான பொருள் அது. சர்க்கரைக்கு நல்லது என்று தினமும் இலைச்சாறு குடிப்பவர்கள் இன்றைக்கே நிறுத்துங்கள், சிறுநீரகம் எப்படி இருக்கிறது என்று காட்டும் கிரியாட்டினின் ரத்தப் பரிசோதனை பார்த்துவிட்டு வாருங்கள்.

செங்காந்தளை அடையாளம் காண்பது பூ இருக்கும்போது சுலபம். இடவப்பாதி என்கிற தென்மேற்குப் பருவ மழைக்குப் பிறகு முளைக்கும் கொடி, இலை நுனியே சுருண்டு பற்றிக்கொண்டு ஏறும். நாம் வேகவைத்துத் தின்கிற வள்ளிக்கிழங்கு வகையான காய்ச்சில் கொடிக்கு அந்தச் சுருள் கிடையாது, தண்டே சுற்றிக்கொண்டு ஏறும், இலை இதய வடிவில் இருக்கும். சிக்கல் என்னவென்றால், கோடையில் மேலே கொடி காய்ந்து மண்ணுக்குள் கிழங்கு மட்டும் கிடக்கும். காய்ச்சில் தோண்டப் போனவர் கையில் இது வருவது அப்போதுதான். கொடியைப் பார்க்காத கிழங்கை அடுப்பில் ஏற்றாதீர்கள். அப்புறம், காப்புக்காட்டுக்குள் கிழங்கு தோண்டுவதே குற்றம். நம் மாவட்டத்தில் 2008 முதல் காட்டின் பெரும்பகுதி வனவிலங்குச் சரணாலயம்.

மாநில மலர் என்று ஆசையாக வீட்டில் வளர்க்கிறவர்கள் வளர்க்கலாம், அழகான கொடிதான். சீனிக்கிழங்கும் சேம்பும் இருக்கிற பாத்தியில் வேண்டாம். தனித் தொட்டியில் வையுங்கள், வீட்டில் எல்லாரிடமும் சொல்லி வையுங்கள், கிளறும்போது கையுறை போடுங்கள், குழந்தைகள் இருந்தால் கொஞ்ச வருஷம் பொறுங்கள்.

யாராவது தின்றுவிட்டால், ஒன்றும் தெரியாவிட்டாலும் 108-ஐக் கூப்பிடுங்கள். விரலை விட்டு வாந்தியெடுக்க வைக்காதீர்கள். மோர், வேப்பிலை, முட்டை வெள்ளைக்கரு என்று நேரத்தைக் கடத்தாதீர்கள். முதல் சில மணி நேரத்துக்குள் போனால் மருத்துவர்கள் அதற்கென்று உள்ள மருத்துவக் கரியைக் கொடுத்தாவது கொஞ்சம் விஷத்தைக் கட்டிவைக்க முடியும். மிச்சக் கிழங்கையும் இலையையும் கையோடு எடுத்துப் போங்கள், எத்தனை மணிக்கு எவ்வளவு தின்றார் என்று சொல்லுங்கள். ‘ஏதோ நாட்டு மருந்து’ என்று மழுப்பாதீர்கள், யாரும் திட்டமாட்டார்கள். திட்டினால் திட்டட்டும். வாந்தி நின்றுவிட்டது என்று கையெழுத்துப் போட்டு வீட்டுக்கு வந்துவிடாதீர்கள், ரத்த அணுக்கள் எண்ணிக்கை ஒழுங்காகும்வரை இருங்கள்.

மலையில் பார்த்த செடி மருந்தா என்று தெரியவேண்டுமா? பிடுங்காமல், இலை, பூ, தண்டு தெரிய போட்டோ எடுத்துக்கொண்டு வாருங்கள். கோட்டாறு அரசு ஆயுர்வேத மருத்துவக் கல்லூரியில் கேட்கலாம், படித்த எந்தச் சித்த மருத்துவரிடமும் கேட்கலாம். என்னிடம் வந்தால் அதற்குக் கட்டணம் இல்லை.