சிம்பொனியில் ஷட்ஜம் எங்கே போகிறது?

2025 மார்ச் 8 அன்று லண்டனில் இளையராஜாவின் சிம்பொனி அரங்கேறியதிலிருந்து என்னிடம் ஒரே கேள்வி திரும்பத் திரும்ப வருகிறது: “சிம்பொனி என்றால் நிறைய பேர் சேர்ந்து வாசிப்பது, அவ்வளவுதானே?” ஆள் கணக்கில் ஒன்றுமில்லை. ஐரோப்பிய இசையமைப்பாளர் மொசார்ட் 1788 ஜூலையில் வியன்னாவில் எழுதி முடித்த 40ஆம் சிம்பொனியில் டிரம்பெட்டும் கிடையாது, முரசும் கிடையாது.

பொது அமைப்பைச் சட்டென்று சொல்லிவிடுகிறேன். ஹைடன், மொசார்ட் காலத்துச் சிம்பொனிக்குப் பெரும்பாலும் நான்கு பாகங்கள்: வேகமாக ஒன்று, நிதானமாக ஒன்று, மினுவெட் என்ற நடனம், கடைசியில் ஓர் ஓட்டம். விஷயம் முதல் பாகத்துக்குள்தான் இருக்கிறது.

நம் கச்சேரியில் தம்புராவின் சுருதி மங்களம் வரை அசையாது. சிம்பொனியில் ஆதார ஸ்வரமான ஷட்ஜமே (‘ஸ’) வீடு மாறும். 40ஆம் சிம்பொனி ஜி மைனரில், அதாவது ஜி என்ற ஸ்வரத்தை ஆதாரமாகக் கொண்ட சோகச் சாயல் ஸ்வர வரிசையில், தொடங்குகிறது. ஜி-யை ‘ஸ’ என்று வைத்துக்கொண்டால், வயலின்கள் எடுக்கும் மெட்டு இப்படிப் போகும்: த-ப-ப, த-ப-ப, த-ப-ப, உடனே மேல் காந்தாரத்துக்கு (‘க’) ஒரு தாவல். கிட்டத்தட்ட நடபைரவி ராகம். கொஞ்ச நேரத்தில் ஷட்ஜம் கிளம்பிப் போய் பி ஃபிளாட் என்ற ஸ்வரத்தில் உட்கார்ந்துகொள்ளும். ஏழு ஸ்வரங்களும் அதேதான்; காந்தாரமாக இருந்தது ஷட்ஜமாகிவிட்டது. கிரக பேதம் (ஷட்ஜத்தை இடம் மாற்றி வேறு ராகம் பிறக்கவைப்பது) தெரிந்தவர்கள் இந்நேரம் சிரித்திருப்பார்கள்: நடபைரவி சங்கராபரணமாகிவிட்டது! அந்த வெளிச்சத்தில்தான் இரண்டாவது மெட்டு வரும், அரை அரை ஸ்வரமாக வழுக்கி இறங்கியபடி.

நடுப்பகுதி எஃப் ஷார்ப் மைனரில் தொடங்கும். ஜி-க்கு நொடிக்கு 392 அதிர்வுகள், எஃப் ஷார்ப்புக்கு 370. பக்கத்து வீடுதான், ஆனால் பேச்சுவார்த்தை இல்லாத பக்கத்து வீடு: இரண்டு மைனர்களுக்கும் ஏழு ஸ்வரங்களில் இரண்டுதான் பொது. முதல் மெட்டை அங்கே கொண்டுபோய் அலைக்கழித்துவிட்டு ஜி-க்குத் திரும்புவார் மொசார்ட். இம்முறை இரண்டாவது மெட்டும் ஜி மைனரிலேயே வந்தாக வேண்டும். அந்தர காந்தாரம் (பெரிய ‘க’) இருந்த இடத்தில் அரை ஸ்வரம் தாழ்ந்த சாதாரண காந்தாரம். முன்பு சிரித்த மெட்டு இப்போது விம்முகிறது. அது வெளியூர் போய்த் திரும்பியது நம் காதுக்குத் தெரியும், அதனால்தான் வலிக்கிறது.

இந்த இடமாற்றம் ஹார்ன் என்ற ஊதுகுழல் வாசிப்பவருக்குத்தான் தலைவலி. அன்றைய ஹார்னில் ஸ்வரம் மாற்ற உதவும் வால்வு கிடையாது. ஒரே நீளக் குழாய். அதில் இயல்பாக எழுவது அடிப்படை அதிர்வெண்ணின் 2, 3, 4, 5 மடங்குகள்தான். ஐந்தாவது மடங்கு அந்தர காந்தாரம். நல்ல தம்புராவில் யாரும் மீட்டாமலே கேட்குமே, அதே காந்தாரம். ஜி மைனரில் அது ஒலித்தால் சோகம் கெட்டுவிடும். மொசார்ட் என்ன செய்தார்? ஒரு ஹார்னை ஜி-யிலும் இன்னொன்றை பி ஃபிளாட்டிலும் வைத்தார். ஒருவரிடம் இல்லாத ஸ்வரம் மற்றவரிடம் இருக்கும். குழாயின் நீளம் போட்ட தடையை இரண்டு குழாய்களைக் கொண்டே தாண்டிய இந்த ஏற்பாட்டை நினைத்தால் எனக்கு இன்றும் சந்தோஷமாக இருக்கிறது.

மொசார்ட்டைக் கேட்டால் குழந்தைக்கு மூளை வளரும் என்று சிலர் சிடி விற்கிறார்களே, அது வேறு கதை. இந்தப் பேச்சைக் கிளப்பிவிட்ட 1993ஆம் ஆண்டு ஆய்வு கல்லூரி மாணவர்களிடம் செய்யப்பட்டது. தெரிந்த பலனும் கால் மணி நேரம்கூடத் தாண்டவில்லை. இதை நம்பி 1998இல் அமெரிக்காவின் ஜார்ஜியா மாநில ஆளுநர், பிறக்கும் குழந்தைகளுக்கு இசைத்தட்டு கொடுக்க 1,05,000 டாலர் கேட்டார். அந்தப் பணத்தில் பள்ளிக்கூடங்களுக்கு வயலின் வாங்கியிருக்கலாம்.

சரி, கேட்க உட்காரும்போது கடைசிப் பாகத்தின் நடுப்பகுதி வரை பொறுத்திருங்கள். அங்கே வாத்தியங்கள் எல்லாம் சேர்ந்து தாறுமாறாகத் தாவும். பன்னிரண்டு ஸ்வரஸ்தானங்களில் பதினொன்று அந்தச் சில நொடிகளில் வந்துபோகும். விட்டுப்போன ஒன்று, ஜி.

ஷட்ஜம்.