லைப்ரரி வாங்கும் முன் மார்க் ஸ்னோவைக் கேளுங்கள்

சீரியல்களுக்கு ஆர்.ஆர். (பின்னணி இசை) செய்யும் ஸ்டூடியோவில் நான் கீபோர்டு புரோகிராமர். புதிதாக வரும் தம்பிகள் எல்லோரும் முதலில் கேட்பது, "அண்ணா, எந்த சாம்பிள் லைப்ரரி வாங்கலாம்?" பதிவு செய்த வாத்திய ஒலிகளின் தொகுப்பு அது. சிலர் தவணையில் வாங்கிவிட்டே வருகிறார்கள். அவர்களிடம் நான் அமெரிக்க இசையமைப்பாளர் மார்க் ஸ்னோ கதையைத்தான் சொல்வேன்.

1993-ல் வந்த 'தி எக்ஸ்-ஃபைல்ஸ்' என்ற அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரின் விசில் மெட்டு அவருடையது. முதலில் அவர் போட்டுக் காட்டியவை எதுவும் தொடரை உருவாக்கிய கிறிஸ் கார்ட்டருக்குத் திருப்தி தரவில்லை. அலுத்துப்போய் ஸ்னோ கையைக் கீபோர்டு மேல் வைத்திருக்கிறார். டிலே எஃபெக்ட் ஆனில் இருந்ததால் அந்தச் சுரங்கள் எதிரொலித்துத் திரும்பத் திரும்ப வந்தன. அதையே அடித்தளமாக வைத்துக்கொண்டார். மேலே வரும் விசில், புரோட்டியஸ் 2 என்ற ஒலிப்பெட்டியோடு வந்த பேட்ச், அதாவது தயார்நிலை ஒலி. அந்தப் பெட்டி வாங்கிய எல்லோரிடமும் அதே ஒலி இருந்தது! அதோடு தன் மனைவியின் விசிலையும் சேர்த்தார். 1996-ல் பிரிட்டன் தரவரிசையில் அது இரண்டாம் இடம் வரை போனது.

"அப்போ அதிர்ஷ்டம்தானே அண்ணா?" என்பார்கள். சரி, கை பட்டது தற்செயல்தான். அதில் ஒரு மெட்டுக்கு இடமிருக்கிறது என்று கண்டுகொள்ளக் காது வேண்டுமே. அவர் நியூயார்க்கின் ஜூலியார்டு இசைப்பள்ளியில் ஓபோ என்ற ஊதுகருவி படித்தவர். 'ஹார்ட் டு ஹார்ட்' போன்ற தொடர்களுக்கு வாத்தியக்குழுவை வைத்து எழுதியவர். சின்க்ளேவியர் என்ற கணினி சிந்தசைசரில் தனி ஆளாக வேலை பார்க்க ஆரம்பித்தது அப்புறம்தான்.

விசிலைவிட நான் கவனிக்கச் சொல்வது எபிசோடுகளுக்குள் இருக்கும் பின்னணி இசையை. முக்கால் மணி நேர எபிசோடில் பாதிக்கும் மேல் இசை ஓடும், ஆனால் இசை ஓடுவதே தெரியாது. வசனத்துக்கு அடியில் தாழ்வான ஒரு நீண்ட சுரம், எப்போதாவது ஒரு பியானோ தட்டல், அவ்வளவுதான். நம் சீரியல்களில் மாமியார் திரும்பினாலே மூன்று முறை இடி இடிக்கிறோம். இயக்குநர் கேட்கிறார், நாமும் போடுகிறோம். அதையே நம் பாணி என்று நினைத்துக்கொண்டால்தான் ஆபத்து.

பிரெஞ்சு இயக்குநர் அலென் ரெனே இந்தத் தொலைக்காட்சி இசையைக் கேட்டுத்தான் ஸ்னோவைத் தேடிப் பிடித்தார். 2006-ல் வந்த 'கர்' (Cœurs) தொடங்கி அவருக்கு நான்கு படங்கள். ஆனால் அமெரிக்கத் தொலைக்காட்சி விருதான எம்மிக்கு 15 பரிந்துரைகள் வந்தும் ஒரு விருதுகூடக் கிடைக்காமலே 2025 ஜூலையில் ஸ்னோ காலமானார். இந்தத் தொழிலில் இதுவும் உண்டு.

தவணை கட்டுவதற்கு முன் ஒன்று செய்து பாருங்கள். இரண்டு பேர் பேசும் காட்சி ஒன்றை எடுத்துக்கொண்டு, மென்பொருளோடு இலவசமாக வந்த ஒலிகளில் மூன்றை மட்டும் வைத்து ஆர்.ஆர். செய்யுங்கள். மெட்டு வேண்டாம். பிறகு டிவி ஸ்பீக்கரில் ஓட்டிப் பாருங்கள், ஹெட்போனில் வேண்டாம். வசனம் எங்கே மங்குகிறதோ, அங்கே ஒரு ட்ராக்கை மியூட் செய்துவிட்டு மறுபடி ஓட்டுங்கள்.