ஹரேம்: அந்தப்புரமா, உவளகமா, வேளமா?

‘ஹரேம்’ என்றதும் பட்டுத் திண்டும் நீரூற்றும், அவற்றின் நடுவே சாய்ந்து கிடக்கும் பெண்களும் மனக்கண்ணில் தோன்றுமானால், அந்தக் காட்சியைத் தீட்டியவர்கள் பெரும்பாலும் அந்த வாசலைத் தாண்டியே இராத ஐரோப்பிய ஓவியர்கள் என்பதை முதலில் நினைவில் கொள்ள வேண்டும். சொல் பிறந்த மொழியில் அதற்கு இன்பத்தோடு உறவில்லை, விலக்கோடுதான் உறவு. இந்த வேறுபாடு தெளிவானால்தான் அதற்கு நிகரான தமிழ்ச் சொல் எது என்ற கேள்விக்குள் நுழைய முடியும்.

அரபு மொழியில் ஹ, ர, ம் என்னும் மூன்று மெய்களால் ஆன வேர், ‘விலக்கப்பட்டது, தீண்டுதற்கு உரியதல்லாதது, ஆகவே புனிதமானது’ என்ற பொருள்களைத் தருகிறது. இவ்வேரிலிருந்து கிளைத்த சொற்கள் தமிழ் முஸ்லிம் வீடுகளில் நாள்தோறும் புழங்குபவை: கூடாதது ‘ஹராம்’, ஹஜ் பயணி உடுத்தும் தையலற்ற ஆடையும் அவர் ஏற்கும் புனித நிலையும் ‘இஹ்ராம்’, மணம் செய்யக் கூடாத நெருங்கிய உறவினர் ‘மஹ்ரம்’, போர் விலக்கப்பட்ட மாதம் ‘முஹர்ரம்’. மக்கா, மதீனா நகரங்களின் புனித எல்லைகளுக்கு ‘ஹரம்’ என்றே பெயர். இரண்டையும் சேர்த்து ‘ஹரமைன்’ என்பர். வீட்டில் அயலார் புகக் கூடாத பகுதியும், அப்பகுதியில் வாழும் பெண்களும் ‘ஹரீம்’ ஆயினர். பாரசீகத்திலும் துருக்கியிலும் இச்சொல் நுழைந்து, துருக்கியில் ‘ஹரெம்’ என ஒலித்தது; நாம் எழுதும் ‘ஹரேம்’ அதன் ஐரோப்பிய உச்சரிப்பின் வழியாக வந்தது.

ஆகவே ஹரேம் என்பது முதலில் ஓர் இடம். அதற்கு அரண்மனைதான் வேண்டும் என்பதில்லை. வசதியான எந்தத் துருக்கிய வீட்டிலும் விருந்தினரை வரவேற்கும் ஆண்கள் பகுதி ‘செலாம்லிக்’ என்றும், குடும்பத்தார் பகுதி ‘ஹரெம்லிக்’ என்றும் வழங்கின. அரபில் ஒருவருடைய மனைவியைக் குறிப்பிடுவதற்கும் ‘ஹரம்’ என்ற சொல் ஆளப்படுவதுண்டு. இடத்தின் பெயர் அங்கு வாழ்பவளுக்கு ஆகிவருவதில் நமக்கு வியப்பு ஒன்றுமில்லை. மனையிலிருந்து மனைவியையும் இல்லிலிருந்து இல்லாளையும் ஆக்கிக்கொண்ட மொழி நம்முடையது, ‘வீட்டில் கேட்டுச் சொல்கிறேன்’ என்று இன்றும் சொல்பவர்கள் நாம்.

உதுமானியப் பேரரசின் வரலாற்றில் இச்சொல்லுக்கு நேர்ந்த ஒரு செய்தி, பொதுவான எண்ணத்தை அப்படியே புரட்டிவிடுகிறது. இஸ்தான்புல்லின் தோப்காபி அரண்மனையில் ‘ஹரெம்-ஐ ஹுமாயூன்’, அதாவது ‘பேரரசரின் ஹரேம்’ என்று 15ஆம் நூற்றாண்டில் அழைக்கப்பட்ட உள்முற்றத்தில் பெண்களே வசிக்கவில்லை. சுல்தானும் அவருக்குப் பணிபுரிந்த இளைஞர்களும், ஆண்மை நீக்கப்பட்ட பணியாளர்களான அண்ணகர்களும் மட்டுமே அங்கு இருந்தனர். அரச குடும்பத்துப் பெண்கள் நகரின் வேறொரு பகுதியிலிருந்த பழைய அரண்மனையில் வாழ்ந்தனர். சுல்தான் இருக்கும் இடம் என்பதாலேயே அந்த முற்றம் பிறர் புகக் கூடாத ‘ஹரேம்’ ஆயிற்று. சுல்தான் முதலாம் சுலைமானின் காலத்தில் அவருடைய மனைவி ஹுர்ரெம் தோப்காபிக்கு வந்து குடியேறிய பிறகுதான், 16ஆம் நூற்றாண்டின் போக்கில், பெண்கள் பகுதி அங்கு விரிவடைந்து அப்பெயரையும் எடுத்துக்கொண்டது.

அந்தப் பகுதி எவ்வாறு இயங்கியது என்பதைச் சற்று விரிவாகவே பார்க்க வேண்டும். ஏனெனில் மொழிபெயர்ப்பின் சிக்கல் முழுவதும் அங்குதான் இருக்கிறது. 15ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதிக்குப் பின் உதுமானிய சுல்தான்கள் பிற அரச குடும்பங்களில் பெண் எடுப்பதை ஏறத்தாழ நிறுத்திவிட்டனர். பெண் கொடுத்த மாமனார் என்று எவரும் அரசியலில் உரிமை கோரி நிற்கக் கூடாது என்பது அதன் பயன். வாரிசுகள் அடிமைப் பெண்களின் வயிற்றிலேயே பிறந்தனர். முஸ்லிமாகப் பிறந்தவரை அடிமையாக்க இஸ்லாமியச் சட்டம் இடம் தராததால், இப்பெண்கள் கருங்கடலின் வடகரை, பால்கன், காக்கசஸ் பகுதிகளிலிருந்து போரிலும் கொள்ளையிலும் பிடிக்கப்பட்டோ, விலைக்கு வாங்கப்பட்டோ கொண்டுவரப்பட்டனர். அவர்களுக்குப் பொதுப் பெயர் ‘ஜாரியே’, அதாவது அடிமைப் பெண். எசமானனுக்குப் பிள்ளை பெற்றவளை அதன்பின் விற்க முடியாது. அவன் இறந்ததும் அவள் விடுதலை அடைவாள். பிள்ளையோ பிறக்கும்போதே சுதந்திரன். அடிமையின் மகன் அரசனாவதற்குத் தடையாக எதுவும் இல்லை. உண்மையில் அதுவே வழக்கமாக இருந்தது.

ஜாரியேக்களுள் மிகப் பெரும்பாலோர் சுல்தானை நெருங்கியவர்களே அல்லர். சமையல், சலவை, தையல், கருவூலம், நோயாளர் கவனிப்பு எனப் பணிகளில் அமர்ந்து, நாட்கூலி பெற்று, சில ஆண்டுகளுக்குப் பின் விடுதலையும் சீரும் பெற்று அரண்மனை அலுவலர்களுக்கு மணமுடிக்கப்பட்டவர்கள் பலர். மேலேறியவர்களுக்கு நிலைப் பெயர்கள் இருந்தன. அரசரின் கண்ணில் பட்டவள் ‘கோஸ்தே’. துருக்கியில் ‘கோஸ்’ என்றால் கண். அவளுக்கு மேலே ‘இக்பால்’, பிற்காலத்தில் ‘கதின்’. 16, 17ஆம் நூற்றாண்டுகளில் சுல்தானின் தனிச்சிறப்புக்குரியவள் ‘ஹாசெகி’. எல்லோருக்கும் மேலே ‘வாலிதே சுல்தான்’, அதாவது அரியணையில் இருப்பவரின் தாய். மனைவியோ காதலியோ அன்றித் தாயே இந்த அமைப்பின் தலைமை என்பதை மறந்துவிட்டால் ஹரேமைப் பற்றி எதுவும் விளங்காது.

ரூத்தீனியாவில், இன்றைய உக்ரைன் நிலப்பகுதியில், பிறந்து அடிமையாக வந்த ஹுர்ரெமை சுலைமான் 1530களில் முறைப்படி மணந்தது அக்காலத்தவரைத் திகைக்க வைத்தது. ஒருத்திக்கு ஒரு மகன் என்ற வழக்கத்தை அவள் விஷயத்தில் அவர் கைவிட்டதும், மாகாணத்தை ஆள அனுப்பப்படும் மகனோடு தாயும் போகும் வழக்கத்தை மீறி அவள் தலைநகரிலேயே தங்கியதும் அதைவிடப் பெரிய மீறல்கள். அவளுடைய உதவித்தொகை நாளொன்றுக்கு 2,000 அக்சே என்னும் வெள்ளிக் காசுகள். பின்னர் மூன்றாம் முராதின் தாயான நூர்பானு பெற்றதோ 3,000. அடுத்த நூற்றாண்டில் கோசெம், நான்காம் முராத், இப்ராஹிம் என்ற இரு மகன்களின் ஆட்சியைக் கண்டு, பேரன் நான்காம் மெஹ்மெதின் காலத்திலும் அதிகாரத்தை விடாமல் வைத்திருந்து, 1651இல் அரண்மனைப் பூசலில் கொல்லப்பட்டாள். கொன்ற தரப்பு அவளுடைய மருமகள் துர்ஹானுடையது. ஹரேம் பெண்களை ‘ஆசைநாயகி’ என்று மொழிபெயர்ப்பவர்கள் உண்டு; இங்கே ‘ஆசை’ எங்கே வருகிறது, ‘நாயகி’ எங்கே வருகிறது என்று நாம் கேட்டுக்கொள்ள வேண்டும்.

வாசலைக் காத்தவர்களைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். ஆப்பிரிக்காவிலிருந்து கொண்டுவரப்பட்டு ஆண்மை நீக்கப்பட்ட அண்ணகர்களின் தலைவர் ‘கிஸ்லர் ஆகாசி’, பெண்களின் ஆகா எனப்பட்டார். 16ஆம் நூற்றாண்டின் இறுதிமுதல் அவருக்கு இன்னொரு பெரும் பொறுப்பும் வந்து சேர்ந்தது: மக்கா, மதீனாவுக்கான வக்ஃபு சொத்துகளின் மேற்பார்வை. வேரில் ஒன்றாகவும் பொருளில் இரண்டாகவும் நின்ற அரண்மனையின் ஹரேமும் ஆண்டவனின் ஹரமும் ஒரே அதிகாரியின் கையில் வந்து சேர்ந்தன.

ஐரோப்பியர் இதை வேறு விதமாகக் கேட்டனர். பாரசீக, துருக்கிய ‘சராய்’ என்றால் மாளிகை. வழிப்போக்கர் தங்கும் கேரவான்சராயில் உள்ள சராய் இதுவே. இத்தாலியரோ அதைத் தம் மொழியில் பூட்டுதலைக் குறிக்கும் வினையோடு குழப்பி ‘செராலியோ’ ஆக்கினர். மாளிகை பூட்டிய கூண்டாயிற்று. ‘ஓதா’ என்றால் அறை, ‘ஓதாலிக்’ என்றால் அறையில் பணிபுரியும் பெண். அவள் பிரெஞ்சில் ‘ஓதாலிஸ்க்’ ஆகி, 19ஆம் நூற்றாண்டு ஓவியங்களில் ஆடையின்றிச் சாய்ந்து படுத்தாள். பிரிட்டிஷ் தூதரின் மனைவியான மேரி வொர்ட்லி மான்டேகு 1717இல் உண்மையிலேயே துருக்கியப் பெண்களின் இல்லங்களுக்குள் சென்றுவந்து, தமக்கு முன் எழுதிய ஆண் பயணிகளை எள்ளி நகையாடிக் கடிதங்கள் எழுதினார். அதனால் ஓவியர்களின் தூரிகை சற்றும் தளரவில்லை.

முகலாயர்களிடம் ஹரம் என்ற சொல்லோடு, பெண்ணைக் குறிக்கும் ‘ஜன்’ என்ற பாரசீகச் சொல்லிலிருந்து பிறந்த ‘ஜனானா’வும் ‘மஹல்’ என்ற சொல்லும் வழங்கின. மும்தாஜ் மஹல், நூர் மஹல் என்ற பட்டங்களில் மாளிகையும் பெண்ணும் ஒரே சொல்லில் குடியிருப்பதைக் காணலாம். அக்பரின் அந்தப்புரத்தில் 5,000க்கும் மேற்பட்ட பெண்கள் இருந்ததாக அவருடைய அவை வரலாற்றாசிரியர் அபுல் ஃபசல் எழுதுகிறார். இந்த எண்ணைச் சுட்டிக்காட்டி வாய்பிளப்பவர்கள் அவர் அடுத்துச் சொல்வதைப் படிப்பதில்லை. உயர்நிலைப் பெண்களுக்கு மாதம் 1,028 முதல் 1,610 ரூபாய் வரை, பணியாளர்களுக்கு 2 ரூபாயிலிருந்து 51 ரூபாய் வரை, ஒவ்வொரு பிரிவுக்கும் ஒரு பெண் தரோகா (மேற்பார்வையாளர்), கணக்கெழுத ஒருவர் என்று அவர் விவரிப்பது ஓர் அலுவலகத்தை. அந்த 5,000 பேரில் தாய்மார், அத்தைமார், விதவைகள், செவிலியர், காவற்பெண்கள் எல்லோரும் அடக்கம். அக்பரின் அத்தை குல்பதன் பேகம் 1570களின் நடுவில் ஹஜ்ஜுக்குப் புறப்பட்டு 1582இல் திரும்பியவர். அவரும் இந்த எண்ணிக்கையில் ஒருவர்.

சீனத்தில் நிலை வேறு. அங்கு சொல் ‘ஹோகோங்’, அதாவது பின்புற அரண்மனை. விலக்கன்று, திசையே அதன் பொருள். சீனத்தின் கடைசி அரச மரபான சிங் மரபில் பேரரசிக்குக் கீழே ஏழு படிகள் இருந்தன. அப்படிகளில் நின்றவர்கள் அடிமைகள் அல்லர். ‘கொடிப்படை’ எனப்பட்ட ஆளும் படைப்பிரிவுகளைச் சேர்ந்த குடும்பங்களிலிருந்து தேர்ந்தெடுக்கப்பட்ட பெண்கள். 1852இல் கீழ்ப்படிகளுள் ஒன்றான ‘குய்ரென்’ நிலையில் நுழைந்த ஒரு பெண், 1856இல் மகனைப் பெற்று, 1861இல் அவன் அரியணை ஏறியபின் திரைக்குப் பின்னிருந்து பேரரசை நடத்தினாள், அவளே ட்சுஷி.

இனித் தமிழ்ச் சொற்களுக்கு வருவோம். ‘அந்தப்புரம்’ வடமொழி ‘அந்தஃபுர’ என்பதன் தமிழ் வடிவம். அந்தரங்கம், அந்தக்கரணம் ஆகியவற்றில் உள்ள ‘உள்’ என்ற பொருளே இதிலும் முதல் உறுப்பு. ‘அந்தப் புறம்’ என்று பிரித்து வேடிக்கை பேசுவோர் உண்டு. ‘இந்தப் புறம்’ அன்று என்பதுவரையில் அவர்களும் சரியே. இடத்தைச் சுட்டும் பொதுச்சொல்லாக இது நன்கு பொருந்தும். ஆனால் ஹரேமில் உள்ள ‘விலக்கு’ இதில் இல்லை. அந்த விலக்கைத் தமிழில் தேடினால் நெடுநல்வாடைக்குத்தான் போக வேண்டும். பாண்டிமாதேவியின் இல்லத்தை அது, ‘பீடுகெழு சிறப்பின் பெருந்தகை அல்லது ஆடவர் குறுகா அருங்கடி வரைப்பு’ என்கிறது. அரசனைத் தவிர வேறு ஆண்கள் நெருங்காத, கடுங்காவல் சூழ்ந்த எல்லை: ஹரேம் என்ற அரபுச் சொல்லுக்கு இதைவிடத் துல்லியமான வரையறையை அரபு அகராதியிலும் எதிர்பார்க்க முடியாது. ‘அருங்கடி வரைப்பு’ புழக்கத்துக்கு நீளம் என்றால், அகராதிகள் அந்தப்புரம் என்று பொருள் தரும் ‘உவளகம்’ இருக்கிறது. ஒரே சொல்லாகவும் தமிழாகவும் அமைந்திருப்பதால் கட்டிடத்தைச் சுட்டும் இடங்களில் அதையே நான் பரிந்துரைப்பேன்.

‘வேளம்’ வேறு வகை; அரண்மனைப் பணிமகளிரின் குடியிருப்பு அது. சோழர் கல்வெட்டுகளில் தஞ்சையிலும் கங்கைகொண்டசோழபுரத்திலும் இருந்த வேளங்களும், திருமஞ்சனம் போன்ற பணிப்பிரிவுகளின் பெயரால் அமைந்த வேளங்களும் குறிக்கப்படுகின்றன. அங்கிருந்த பெண்கள் கோயில்களுக்கு விளக்கெரிக்கக் கொடையளித்துள்ளனர். அவர்களைக் கல்வெட்டு ‘வேளத்துப் பெண்டாட்டி’ என்கிறது. அக்காலத்தில் அது பணிமகளைச் சுட்டிய சொல்; இன்று மனைவியைச் சுட்டுகிறது என்பதை வைத்து எவ்வளவோ பேசலாம், இங்கு வேண்டாம். கலிங்கத்துப்பரணி, தோற்றோடிய பாண்டியரின் பெண்களை ‘வேளம் புகு மடவீர்’ என்று விளிக்கும்போது இச்சொல்லின் இருண்ட பக்கம் தெரிகிறது. போரில் சிறைப்பட்டு அரண்மனைப் பணிக்கு வந்தவர்கள் என்ற அளவில் உதுமானிய ஹரேமுக்கு மிக நெருங்கிய தமிழ்ச் சொல் வேளமே. ஆயினும் சுல்தானின் தாய் கோலோச்சும் உச்சி வேளத்துக்கு இல்லாததால் இரண்டையும் நிகராக்குவது பிழை.

அடுத்தது, அங்கிருந்த பெண்ணை எப்படி அழைப்பது என்பது. ‘ஆசைநாயகி’, ‘வைப்பாட்டி’, ‘காமக்கிழத்தி’ ஆகிய மூன்றும் ஆணின் விருப்பத்தை முன்னிறுத்துபவை. மூன்றாவது தொல்காப்பியத்திலேயே உண்டு. ஆனால் அது அகத்திணையின் சொல், ஆட்சித்துறையின் சொல் அன்று. மணவுறவுக்கு வெளியே ஐரோப்பிய மன்னர்கள் வெளிப்படையாக வைத்திருந்த பெண்களுக்கு ஆசைநாயகி பொருந்தலாம். சீனத்துப் படிநிலைப் பெண்களை ‘இளந்துணைவியர்’ என்பது தகும். அரசனுக்கு நெருக்கமானவள் என்ற அளவில் சோழர் வழக்கான ‘அணுக்கி’ அழகான சொல். திருவாரூர்க் கோயிலில் முதலாம் ராஜேந்திரனும் அவனுடைய அணுக்கியார் பரவை நங்கையாரும் நின்ற இடத்தில் விளக்கு வைத்ததைக் கல்வெட்டு மதிப்போடு பேசுகிறது. ‘கோஸ்தே’, ‘ஹாசெகி’ ஆகியவற்றுக்கு அணுக்கியை ஆளலாம். அரசனது மகளிரைக் குறித்த பழஞ்சொல்லான ‘உரிமை’யை மீட்கலாம் என்பாரும் உளர், இன்றைய வாசகர் அதை நேர்மாறாகப் படிப்பார் என்பதால் நான் தவிர்ப்பேன். ஜாரியே என்பதற்கு மட்டும் ‘அடிமைப் பெண்’ என்று எழுதக் கூசக் கூடாது. சுல்தானின் பிள்ளைக்குத் தாயானவளை ‘அடிமைத் துணைவி’ எனலாம்.

‘அடிமை’ என்ற சொல் ஏன் வேண்டும் என்பதை 1909ஆம் ஆண்டு காட்டும். சுல்தான் இரண்டாம் அப்துல்ஹமீது பதவி நீக்கப்பட்டு அவருடைய ஹரேம் கலைக்கப்பட்டபோது, காக்கசஸிலிருந்து வந்து அனத்தோலியாவில் குடியேறியிருந்த செர்கேசியர்களின் கிராமங்களுக்குச் செய்தி அனுப்பப்பட்டது. மலைநாட்டு உடையில் தந்தையரும் சகோதரர்களும் தோப்காபிக்கு வந்து கூடினர். பெண்கள் முகத்திரையை விலக்கி நிற்க, முகம் பார்த்துத் தம் மகளை, தம் தங்கையைத் தேடினர். சிலர் அடையாளம் கண்டு அழைத்துச் சென்றனர். தேடி வர எவருமில்லாத பெண்கள் அங்கேயே திரும்பிப் போயினர். அந்தக் கூடத்தில் நின்றவர்களை ‘ஆசைநாயகிகள்’ என்று மொழிபெயர்த்தால், அந்தத் தந்தையர் எதற்காக அங்கு வந்தனர் என்பதே வாசகருக்கு விளங்காது.