ஈரநிலமா, சதுப்பு நிலமா?

போன கிழமையும் தொலைக்காட்சிச் செய்தியில் "கொழும்பின் சதுப்பு நிலங்கள்" என்றார்கள். திரையில் காட்டியதோ தலங்கம குளம், நீர் தளும்பி நிற்கிறது. 'வெட்லேண்ட்' என்ற ஆங்கிலச் சொல்லைச் சதுப்பு நிலம் என்று மொழிபெயர்க்கும் இந்தப் பிழையைக் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது.

'வெட்லேண்ட்' என்பது ஈரமும் நிலமும் சேர்ந்த கூட்டுச்சொல், அவ்வளவுதான். சிங்களத்தில் தெத்பிம என்பதும் அதே மாதிரி. தமிழில் ஈரநிலம். சதுப்பு என்றால் கால் வைத்தால் புதைகிற சேற்று நிலம், ஈரநிலத்தில் ஒரு வகை மட்டுமே. ஈரநிலங்களைக் காக்க ஈரானின் ராம்சாரில் 1971இல் கையெழுத்தான சர்வதேச உடன்படிக்கை, இயற்கையோ செயற்கையோ, நீர் எப்போதும் நிற்பதோ சில மாதம் மட்டும் நிற்பதோ, நன்னீரோ உவர்நீரோ, எல்லாவற்றையும் ஈரநிலம் என்கிறது. வற்றின்போது 6 மீற்றருக்கு மேல் ஆழமில்லாத கடலும் அதில் அடங்கும். புத்தளம் மாவட்டத்து ஆனைவிழுந்தான் மனிதர் கட்டிய குளத் தொடர். மன்னார் மாவட்டத்து வங்காலையில் களப்பும் உப்புத் தரவையும் மணல்மேடும் இருக்கின்றன. இரண்டும் அந்த உடன்படிக்கையின் ஈரநிலப் பட்டியலில் உள்ளவை. இவற்றையெல்லாம் சதுப்பு என்று எழுத எப்படி மனம் வருகிறது?

ஈரநிலம் என்றால் மழை நனைத்த முற்றம் போலத் தோன்றுகிறது என்று சில மொழிபெயர்ப்பாளர்கள் சொல்கிறார்கள். ஈர வலயம், உலர் வலயம் என்று பள்ளிக்கூடத்தில் படித்த நமக்கு அப்படி ஏன் தோன்ற வேண்டும்? வருடத்தில் சில மாதமே நனையும் தாழ்நிலத்தையும் அணைத்துக்கொள்வதுதான் இந்தச் சொல்லின் பலமே. 'வெட்லேண்ட்' என்றே விட்டுவிடலாம் என்பவர்களுக்குப் பதில் சொல்லவே எனக்கு விருப்பமில்லை, இவ்வளவு எளிய சொல் கையில் இருக்கும்போது.

சொல் பிழையாகிப் போனால் காணியும் பாழாகிறது. சதுப்பு என்றதும் நுளம்பும் சேறும்தான் நினைவுக்கு வரும், அப்புறம் மண் போட்டு நிரப்பினால் நல்லதுதானே என்ற எண்ணமும் தானாக வரும். ஆனால் புவி சூடாகிவரும் காலம் இது. காற்று 1 பாகை செல்சியஸ் சூடேறினால் ஏறத்தாழ 7 சதவீதம் கூடுதல் நீராவியைத் தாங்கும், அதனால் குறுகிய நேரத்தில் கொட்டித் தீர்க்கும் மழைக்கு வாய்ப்பு கூடுகிறது. அந்த நீர் தங்க இடம் வேண்டும். 2016 மே மாதம் களனி கங்கை பெருகிக் கொலன்னாவ வீடுகளுக்குள் புகுந்ததை மறக்க முடியுமா? அடுத்த வருடம் மே மாதம் தெற்கில் வெள்ளம், அதே 2017இல் வடக்கு கிழக்கில் கடும் வறட்சி. மழை நீரைப் பிடித்து வைத்து மெல்ல விடும் நிலத்துக்குச் சேறு என்று பெயர் வைத்தால் அதைக் காக்க யார் வருவார்கள்? 2018இல் ராம்சார் உடன்படிக்கையின் கீழ் கொழும்பு ஈரநில நகரமாக ஏற்கப்பட்டது, அதையும் சதுப்பு நில நகரம் என்றே எழுதுகிறார்கள்.

சதுப்பை ஒதுக்கச் சொல்லவில்லை. முத்துராஜவெலவை அப்படி எழுதுங்கள், சரிதான். பக்கத்து நீர்கொழும்புக் களப்பைக் களப்பு என்றே எழுதுங்கள். இரண்டையும் சேர்த்துச் சொல்லும்போது ஈரநிலம்.